சனிக்கிழமை மாலை ஆறரைக்கு குதா பக்ஷ்

1950 மார்ச் 25, சனிக்கிழமை. மாலை ஆறரை மணி. அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் பதினைந்து நிமிட நிகழ்ச்சி ஒன்று அன்றைக்குத்தான் தொடங்குகிறது. அதன் நாயகர் ஜம்மு பக்கத்துக்காரர். சீனாப் ஆற்றங்கரையில் இருக்கும் அக்னூரில் 1905இல் பிறந்தவர். பெயர் குதா பக்ஷ். மேடையில் அதைக் கொஞ்சம் சுருக்கி ‘குடா பக்ஸ்’ என்று வைத்துக்கொண்டிருந்தார்.

அப்போது இந்தியாவில் தொலைக்காட்சியே கிடையாது. டெல்லியில் சோதனை ஒளிபரப்பு தொடங்கியது 1959 செப்டம்பர் 15 அன்று. சென்னைக்கு தூர்தர்ஷன் வந்தது 1975 ஆகஸ்ட் 15 அன்று. நம் நாட்டில் முதல் பெட்டி ஒளிர்வதற்கு ஒன்பது ஆண்டுகள் முன்னாலேயே நம் ஊர்க்காரர் ஒருவர் அமெரிக்கத் தொலைக்காட்சியில் தன் பெயரிலேயே வாராவாரம் நிகழ்ச்சி நடத்தியிருக்கிறார். ரவிசங்கரைத் தெரியும், நடிகர் சாபுவைத் தெரியும். இவரை நம்மில் யாருக்குத் தெரியும்? அந்த ஆதங்கத்தில்தான் இதை எழுதுகிறேன்.

நான் அவரிடம் வந்து சேர்ந்தது ஒரு படத்தின் வழியாக. வெஸ் ஆண்டர்சன் 2023இல் எடுத்த ‘தி வொண்டர்ஃபுல் ஸ்டோரி ஆஃப் ஹென்றி சுகர்’ என்ற குறும்படம். ரோல்ட் டால் 1977இல் எழுதிய கதை. படத்தில் கண்களைத் திறக்காமலே பார்க்கும் இம்தாத் கான் என்றொருவர் வருவார். பென் கிங்ஸ்லி நடித்திருப்பார். 2024 மார்ச்சில் அந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. கதையில் வரும் அந்த மனிதருக்கு நிஜத்தில் ஒரு மூலம் உண்டு, அது குதா பக்ஷ், என்று படித்தவுடன் தேட ஆரம்பித்தேன். கதை எழுதுவதற்குக் கால் நூற்றாண்டு முன்பே, 1952இல், டால் அவருடைய கண்களைப் பற்றி ‘ஆர்கஸி’ பத்திரிகையில் ஒரு கட்டுரை எழுதியிருக்கிறார்.

தேடுவது என்று சாதாரணமாகச் சொல்லிவிட்டேன். எங்கள் அந்தமான் தீவில் அது அண்மையில்தான் சாதாரணமானது. 2020 ஆகஸ்ட் 10 அன்று சென்னையிலிருந்து போர்ட் பிளேருக்கும் மற்ற சில தீவுகளுக்கும் கடலுக்கடியில் சுமார் 2,300 கிலோமீட்டர் நீளக் கண்ணாடி இழைக் கேபிள் பயன்பாட்டுக்கு வந்தது. போர்ட் பிளேருக்கு 2024 முதல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர். எங்கள் வாயில் இன்னும் போர்ட் பிளேர்தான். கேபிள் வருவதற்கு முன்னால் இணையம் முழுக்கச் செயற்கைக்கோள் வழி. ஒரு நிமிடப் படம் பார்க்க உட்கார்ந்தால் வட்டம்தான் சுற்றிக்கொண்டிருக்கும். மெயின்லேண்டில் இருக்கும் என் தம்பி அனுப்பும் படங்களை, கப்பலில் யாராவது வரும்போது பென் டிரைவில் கொடுத்துவிடச் சொல்வோம். மூன்று நாள் கடல் கடந்து வரும் படம், இணையத்தை முந்திவிடும். அதனால் எழுபது எண்பது வருடத்துக்கு முந்தைய மனிதர் ஒருவரின் சில நிமிடத் துண்டுப் படங்களை இரவு உட்கார்ந்து ஒன்றன்பின் ஒன்றாகப் பார்க்க முடிந்தபோது எனக்கு உண்டான சந்தோஷம், மெயின்லேண்ட் நண்பர்களுக்குப் புரியுமா என்று தெரியவில்லை.

அவர் செய்தது என்ன என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

பிசைந்த மாவு உருண்டை இரண்டை எடுத்து இரண்டு கண்குழிகளிலும் அழுத்துவார்கள். அதன் மேல் பஞ்சு. அதன் மேல் துணிக்கட்டு, சுற்றிச் சுற்றி, தலை முழுக்க. மூக்குத் துளையும் வாயும் மட்டும் வெளியே தெரியும். கட்டுவது பெரும்பாலும் பார்வையாளர்களிலிருந்து மேடைக்கு வந்தவர்கள். ஆகவே கட்டியவர்மேல் யாரும் சந்தேகப்பட இடமில்லை. கட்டி முடித்ததும் ஒரு புத்தகத்தைக் கொடுத்தால் வாசிப்பார். பலகையில் யாராவது எழுதியதை அதே வடிவில் திருப்பி எழுதிக் காட்டுவார். ஊசியில் நூல் கோப்பார். குறி பார்த்துச் சுடுவார். நியூயார்க்கின் டைம்ஸ் சதுக்கத்தில், வண்டிகள் போய்வரும் தெருவில், அந்தக் கட்டோடு சைக்கிள் ஓட்டியிருக்கிறார்.

இந்த மாதிரி ஆளுக்காகத்தான் அன்றைய தொலைக்காட்சி காத்துக்கொண்டிருந்தது. 1948 ஜூன் மாதத்தில் பன்னிரண்டு நாள் இடைவெளியில் அமெரிக்காவில் இரண்டு நிகழ்ச்சிகள் தொடங்கின. ஒன்று மில்டன் பெர்ல் நடத்திய ‘டெக்ஸாக்கோ ஸ்டார் தியேட்டர்’. இன்னொன்று எட் சல்லிவன் நடத்திய ‘டோஸ்ட் ஆஃப் தி டவுன்’. ஒரு பாட்டு, ஒரு நடனம், ஒரு நகைச்சுவை, ஒரு கழைக்கூத்து, ஒரு மாயவித்தை என்று அடுத்தடுத்து வரும் கதம்ப நிகழ்ச்சிகள். ‘வாட்வில்’ என்று அமெரிக்க ஊர்களில் பல பத்தாண்டுகள் ஓடிய மேடைக் கலவை, பேசும் படம் வந்ததும் நசிந்துபோயிருந்தது. வேலையிழந்த அந்தக் கலைஞர்களுக்கெல்லாம் இந்தச் சின்னப் பெட்டி புது வாசல் திறந்தது. எல்லாமே நேரலை. ஒத்திகைக்கு நேரமில்லை, தவறினால் வெட்டி ஒட்ட வழியில்லை. ஆகவே ஆயிரம் மேடை பார்த்த கை வேண்டும். 1950இல் அமெரிக்க வீடுகளில் நூற்றுக்கு ஒன்பதில்தான் பெட்டி இருந்தது. ஆனாலும் ஒரு பெட்டியைச் சுற்றித் தெருவே உட்கார்ந்திருந்த காலம் அது. எங்கள் தீவிலும் தொலைக்காட்சி வந்த புதிதில், பெட்டி இருந்த வீட்டு வாசலில் செருப்பு குவிந்து கிடந்ததைப் பார்த்தவர்கள் இதை எளிதாகக் கற்பனை செய்துகொள்ளலாம்.

குதா பக்ஷின் நிகழ்ச்சிக்கு அவர்கள் வைத்த தலைப்பு: ‘குடா பக்ஸ், ஹிந்து மிஸ்டிக்’. அறிவிப்பாளர் ரெக்ஸ் மார்ஷல். உதவிக்கு ஜேனட் டைலர் என்ற பெண். பதிமூன்று சனிக்கிழமை நடந்தது. ஜூன் 17 அன்று முடிந்தது. பதிமூன்று வாரம் என்பது அந்தக் கால அமெரிக்க ஒளிபரப்பில் ஒரு சுற்று. ஒரு சுற்றுக்குப் பிறகு பலருக்கு மறு சுற்று கிடைப்பதில்லை. இவருக்கும் கிடைக்கவில்லை. பிறகு ‘யூ ஆஸ்க்டு ஃபார் இட்’ போன்ற நிகழ்ச்சிகளில் விருந்தாளியாக வந்துபோனார்.

தலைப்பைப் பாருங்கள். குதா பக்ஷ் ஒரு முஸ்லிம். அது தெரியாமல் அப்படி வைத்தார்களா என்றால் இல்லை. இந்தியாவிலிருந்து வந்த யாராக இருந்தாலும் அமெரிக்காவில் அன்று அப்படித்தான் சொன்னார்கள். மேடைக்கு அது நல்ல விளம்பரமாகவும் இருந்தது. முப்பது வருடம் உழைத்துக் கற்ற ஒரு தொழிலைக் கொண்டுபோனவரை, தொழில்காரர் என்று சொல்லாமல் ஞானி என்று சொல்லிவிட்டார்கள். இது பெருமை என்று பலர் நினைக்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஞானி என்று சொன்னால் பயிற்சியைப் பற்றி யாரும் கேட்க மாட்டார்கள். எல்லாம் பிறவியிலேயே வந்தது, கிழக்கு நாட்டுக் காற்றிலேயே இருப்பது என்று முடித்துக்கொள்வார்கள்.

அவருடைய பயிற்சியைப் பற்றி அவரே சொன்னது இருக்கிறது. சிறு வயதில் ஒரு மாயவித்தைக்காரரின் காட்சியைப் பார்த்து மயங்கி அந்த வழியில் போனது. யோகிகளைத் தேடி அலைந்தது. விளக்குச் சுடரை விடாமல் உற்றுப் பார்த்து மனத்தை ஒருமுகப்படுத்தப் பழகியது. இதில் எவ்வளவு நடந்தது, எவ்வளவு மேடைக்காகச் சேர்த்தது என்று பிரிப்பது கடினம். மேடைக்காரர்கள் தங்கள் வரலாற்றையும் காட்சியின் ஒரு பகுதியாகவே கட்டுவார்கள். கண்ணைக் கட்டிக்கொண்டு பார்ப்பது எப்படி என்பதற்கு மற்ற வித்தைக்காரர்கள் தரும் விளக்கம் வேறு. கட்டும்போது முகத் தசைகளை இறுக்கி வைத்துக்கொண்டு, பிறகு தளர்த்தினால், மூக்கின் ஓரமாகக் கீழ்நோக்கி ஒரு மயிரிழை இடைவெளி கிடைக்கும். அது போதும் என்பார்கள். அவர் கடைசிவரை இதை ஒப்புக்கொண்டதில்லை. நான் வித்தைக்காரர்கள் பக்கம்தான். ஆனால் அந்த மயிரிழை வழியாகத் தெரிவதை வைத்துக்கொண்டு, தலையைச் சாய்க்காமல், தயங்காமல், நேரலையில், கேமராவுக்கு முன்னால் ஊசியில் நூல் கோப்பதற்கு எத்தனை வருடம் வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். மூன்றாவது கண் இருந்திருந்தால் அவர் அவ்வளவு பாடுபட்டிருக்கவே வேண்டாம்.

தொலைக்காட்சிக்கு முந்தைய அவருடைய புகழ் நெருப்பில் வந்தது. அந்தப் பகுதிதான் என்னை அதிகம் பிடித்து இழுத்தது. நான் பள்ளியில் இயற்பியல் சொல்லிக்கொடுப்பவள் என்பது ஒரு காரணம். என் அப்பாயி இன்னொரு காரணம்.

1935 செப்டம்பரில் லண்டனுக்குத் தெற்கே சரே மாவட்டத்தில் கார்ஷால்டன் என்ற ஊரில் ஒரு தோட்டத்தில் குழி வெட்டினார்கள். ஏற்பாடு செய்தவர் ஹாரி பிரைஸ். ஆவி, அமானுஷ்யம் என்று சொல்லப்பட்டதையெல்லாம் சோதித்துப் பார்ப்பதையே வாழ்க்கையாக வைத்திருந்தவர். ஓக் மரக்கட்டைகளைப் போட்டு எரித்துத் தணலாக்கினார்கள். விஞ்ஞானிகள், மருத்துவர்கள், பத்திரிகைக்காரர்கள், படம் பிடிப்பவர்கள் என்று கூட்டம். மருத்துவர் ஒருவர் குதா பக்ஷின் பாதங்களைக் கழுவித் துடைத்து, எதுவும் பூசியிருக்கிறாரா என்று சோதித்தார். பாதத்தில் ஒரு சின்னப் பிளாஸ்திரியை ஒட்டினார்கள், அது கருகுகிறதா என்று பார்க்க. தணலின் மேற்பரப்பு 430 டிகிரி செல்சியஸ், உள்ளே 1,400 டிகிரி என்று அளந்து குறித்துக்கொண்டார்கள். அவர் இறங்கி நடந்தார். பாதத்தில் கொப்புளம் இல்லை. பிளாஸ்திரியும் கருகவில்லை. பார்த்துக்கொண்டிருந்த ஆங்கிலேயர்கள் இரண்டு பேர் நாமும் பார்ப்போமே என்று இறங்கினார்கள். அவர்களுக்குக் கொப்புளித்துவிட்டது.

அதன் பிறகு நடந்ததுதான் முக்கியம். இன்னொரு முறை நடக்கச் சொன்னார்கள். குதா பக்ஷ் மறுத்துவிட்டார். உள்ளே ஏதோ உடைந்துவிட்டது, நம்பிக்கை போய்விட்டது, இப்போது இறங்கினால் சுட்டுவிடும் என்று அவர் சொன்னதாக பிரைஸ் பதிவு செய்திருக்கிறார்.

இதைப் படித்தபோது நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டேன். ஏனென்றால் இதே பேச்சை நான் அப்பாயி வாயால் கேட்டிருக்கிறேன்.

அப்பாயி ராமநாதபுரம் பக்கம். தாத்தா துறைமுக வேலைக்குப் போர்ட் பிளேர் வந்து ஜங்லிகாட்டில் குடித்தனம் வைத்த பிறகும், வேண்டுதல் என்றால் கப்பலேறி ஊருக்குப் போய்விடுவார். காப்புக் கட்டி, மஞ்சள் சேலை உடுத்தி, பூக்குழி இறங்கிவிட்டுத் திரும்பி வருவார். நான் சின்னப் பெண்ணாக இருக்கும்போது கேட்டேன், “அப்பாயி, ஒனக்குச் சுடலையா?”

“பூவுல நடக்குறப்ப சுடுமா தாயி? மனசு கலங்காம இருந்தா பூவு. கலங்கிருச்சுன்னா நெருப்பு. மனசு கலங்குன அன்னைக்கு எறங்கக் கூடாது, ஆத்தாகிட்ட மன்னிப்புக் கேட்டுட்டு வந்துறணும்.”

ஒரு வருடம் அப்படி இறங்காமலே திரும்பி வந்ததாகவும் சொன்னார். அதை ஒரு குறையாக அவர் சொல்லவில்லை. வேலை தெரிந்தவர் வேலையைப் பற்றிச் சொல்கிற தொனி அது. சரேயில் நின்ற குதா பக்ஷும், ராமநாதபுரத்து மாரியம்மன் கோவில் வாசலில் நின்ற அப்பாயியும் ஒரே தொழில் ரகசியத்தைத்தான் வைத்திருந்தார்கள்.

இயற்பியல் ஆசிரியையாக அந்த ரகசியத்தின் மறுபாதியை நான் சொல்ல வேண்டும். தணலுக்கு வெப்பநிலை அதிகம். ஆனால் அது வெப்பத்தைக் கடத்துவது மிகக் குறைவு. மரக்கரி வெப்பத்தை மெல்லத்தான் விட்டுக்கொடுக்கும். பணியாரக் கல்லில் விரல் பட்டால் தோல் உரிந்துவிடும்; அதே அடுப்பில் கங்கின் மேல் படிந்த சாம்பலை விரலால் சட்டென்று தட்டிவிடுகிறோம், ஒன்றும் ஆவதில்லை. நடக்கும்போது ஒவ்வொரு பாதமும் தணலைத் தொடுவது அரை நொடிக்கும் குறைவு. அதற்குள் பாதம் மேலே வந்துவிடும். பிரைஸின் குழுவும் கடைசியில் இந்த முடிவுக்குத்தான் வந்தது. 1937இல் இன்னொரு சுற்றுச் சோதனை நடத்தியபோது, எந்த யோகமும் பயிலாத ஓர் ஆங்கிலேயரும் காயமில்லாமல் நடந்து காட்டினார்.

அப்படியென்றால் மனசு கலங்காமல் இருப்பதற்கு என்ன வேலை? நிறைய வேலை இருக்கிறது. பயந்தவர் நடு வழியில் தயங்குவார், அல்லது ஓடுவார். தயங்கினால் பாதம் கூடுதல் நேரம் தணலில் இருக்கும். ஓடினால் விரல்நுனி தணலுக்குள் புதையும், கங்கு விரலிடுக்கில் மாட்டிக்கொள்ளும். சீராக, பாதம் முழுவதும் பட, எடுத்து எடுத்து வைத்து நடக்க வேண்டும். 430 டிகிரிக்கு மேல் அப்படி நடப்பதற்கு மனம் அமைதியாக இருந்தே ஆக வேண்டும். அறிவியல் அப்பாயியைப் பொய்யாக்கவில்லை. அவர் சொன்ன விதியை வேறு கணக்கில் எழுதிக் காட்டுகிறது, அவ்வளவுதான்.

இந்தத் தீமிதி உலகமெல்லாம் தமிழர்கள் கொண்டுபோன விஷயம். சிங்கப்பூரில் சவுத் பிரிட்ஜ் ரோடு மாரியம்மன் கோவில், இலங்கையில் உடப்பு, மொரீஷியஸ், ரீயூனியன், ஃபிஜி என்று எங்கெல்லாம் கப்பலேறிப் போனார்களோ அங்கெல்லாம் குழி வெட்டித் தணல் பரப்பினார்கள். அந்தக் குழிகளில் நடந்த ஆயிரக்கணக்கான பேரில் பெரும்பாலோரின் பெயர் எங்கும் எழுதப்படவில்லை. எழுத வேண்டும் என்று அவர்களும் நினைத்ததில்லை. அது அம்மனுக்கும் அவர்களுக்கும் உள்ள கணக்கு. குதா பக்ஷ் அதைக் காட்சியாக்கினார், சம்பளம் வாங்கினார், அதனால் பெயர் நின்றது. 1938இல் நியூயார்க் ராக்ஃபெல்லர் சென்டரில் ராபர்ட் ரிப்ளியின் வானொலி நிகழ்ச்சிக்காக மறுபடியும் தணலில் நடந்தார். வானொலிக்காக! கேட்பவர்கள் அறிவிப்பாளரின் குரல் வழியாகத்தான் பார்க்க முடியும். படம் காட்டும் பெட்டி வந்ததும் அவரை ஏன் தேடிப் பிடித்தார்கள் என்பது இப்போது விளங்கும்.

அந்தக் காலத் தொலைக்காட்சியில் இன்னொரு இந்தியரும் இருந்தார், குதா பக்ஷைவிடப் புகழோடு. அவர் பெயர் கோர்லா பண்டிட். 1949 பிப்ரவரியில் லாஸ் ஏஞ்சலஸின் கேடிஎல்ஏ நிலையத்தில் அவருடைய இசை நிகழ்ச்சி தொடங்கியது. நடுவில் ஒரு கல் பதித்த தலைப்பாகை. ஒரு கை ஹாமண்ட் ஆர்கனில், இன்னொரு கை பியானோவில். கண்கள் நேரே கேமராவைப் பார்க்கும். சுமார் 900 நிகழ்ச்சிகள். ஒன்றில்கூட ஒரு வார்த்தை பேசியதில்லை. டெல்லியில் பிராமணத் தந்தைக்கும் பிரெஞ்சுப் பாடகிக்கும் பிறந்தவர் என்று விளம்பரம் சொன்னது. பகல் வேளையில் வீட்டிலிருந்த பெண்கள் அவர் பார்வைக்காகவே பெட்டி முன் உட்கார்ந்தார்கள் என்பார்கள்.

அவர் இந்தியரே அல்ல. ஜான் ரோலண்ட் ரெட் என்பது அவர் இயற்பெயர். மிசூரி மாநிலத்தில் ஒரு கறுப்பினப் பாதிரியாரின் மகன். கறுப்பினத்தவர் என்று தெரிந்தால் அன்று அந்தத் திரையில் அவருக்கென்று ஒரு நிகழ்ச்சி கிடைத்திருக்காது. முதலில் ஹுவான் ரோலண்டோ என்று மெக்சிகோக்காரராக வாசித்துப் பார்த்தார், பிறகு இந்தியரானார். 1998இல் இறக்கும்வரை அப்படியே வாழ்ந்தார். 2001இல் ஆர்.ஜே. ஸ்மித் என்ற பத்திரிகையாளர் ‘லாஸ் ஏஞ்சலஸ்’ இதழில் எழுதிய பிறகுதான் உலகத்துக்குத் தெரிந்தது. தலைப்பாகை கட்டினால் சில கதவுகள் திறந்த நாடு அது. தலைப்பாகையை அவிழ்த்தால் அதே கதவு சாத்திக்கொள்ளும். அவரைப் பொய்யர் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அண்ணன் தம்பிகளைக்கூட ஊருக்குத் தெரியாமல் பார்க்க வேண்டிய வாழ்க்கை எவ்வளவு பாரம்!

இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். 1950இல் மேற்குக் கரையில் இந்தியராக நடித்த அமெரிக்கர். கிழக்குக் கரையில் நிஜ இந்தியர். இருவரிடமும் அந்தத் திரை கேட்டது ஒன்றுதான்: மர்மமாக இரு. நிஜ இந்தியருக்கு அதில் எந்தச் சலுகையும் இல்லை. நடித்தவர் 900 நிகழ்ச்சி நடத்தினார். நிஜமானவருக்குப் பதிமூன்று.

போர்ட் பிளேரில் வளர்ந்தவர்களுக்கு இந்த இடத்தில் மூன்றாவதாக ஒருவர் கட்டாயம் நினைவுக்கு வருவார். எங்கள் பக்கத்து வீட்டு வங்காளித் தாத்தாவுடையது கிழக்கு வங்காளத்திலிருந்து அகதியாகக் குடியேறிய குடும்பம். 1949இலிருந்து அப்படிக் கப்பல் கப்பலாக வந்திறங்கியவர்கள் அந்தமானில் ஏராளம். அவர் வீட்டுக் கூடத்தில் காளி படத்துக்கு அடுத்தபடியாக மாயவித்தைக்காரர் பி.சி. சர்க்கார் படம் மாட்டியிருந்தது. இருவருக்கும் கிழக்கு வங்காளத்தின் டாங்காயில் பக்கம் என்பதால் தாத்தாவுக்குச் சர்க்கார் சொந்தக்காரர் மாதிரி. தாத்தா எங்களுக்குத் திரும்பத் திரும்பச் சொன்ன கதை ஒன்று உண்டு. வளர்ந்த பிறகு படித்துப் பார்த்தால் அத்தனையும் நிஜம்.

1956 ஏப்ரல் 9, திங்கட்கிழமை இரவு. பிபிசி தொலைக்காட்சியில் ‘பனோரமா’. சர்க்கார் ஓர் இளம் பெண்ணை மேசையில் கிடத்தி, மின்சார வட்டரம்பத்தால் இடுப்பில் அறுக்கிறார். அறுத்து முடித்துப் பெண்ணின் கையைப் பிடித்துத் தேய்க்கிறார், பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். பதில் இல்லை. முகத்தைத் துணியால் மூடுகிறார்கள். நிகழ்ச்சியை நடத்திய ரிச்சர்ட் டிம்பிள்பி கேமராவுக்கு முன்னால் வந்து வணக்கம் சொல்லிவிட, நிகழ்ச்சி முடிந்துபோகிறது. பார்த்தவர்கள் பதறிப்போய் பிபிசிக்கு அடித்த தொலைபேசியில் இணைப்புகள் திணறின. நேரம் முடிந்துவிட்டதால்தான் அப்படி, பெண்ணுக்கு ஒன்றுமில்லை என்று சமாதானம் சொல்ல வேண்டியிருந்தது. மறுநாள் பத்திரிகைகளின் முதல் பக்கத்தில் இதுதான். லண்டன் ‘டியூக் ஆஃப் யார்க்ஸ்’ அரங்கில் அவருடைய காட்சிகளுக்கு டிக்கெட் இல்லை என்றானது.

மேசையில் கிடந்த பெண்ணின் பெயர் தீப்தி தே. வயது பதினேழு.

சர்க்கார் பெயரில் கொல்கத்தாவில் ஒரு பரம்பரையே வித்தை காட்டுகிறது. அவர் 1971 ஜனவரி 6 அன்று ஜப்பானின் ஹொக்கைடோவில் சுற்றுப்பயணத்திலேயே இறந்தது வரை எல்லாம் எழுதப்பட்டிருக்கிறது. தீப்தி தே கட்டுரைகளில் ஒரு வரியாக வந்து போகிறார். நேரலையில் ஒரு நாடு முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கும்போது, கூப்பிட்ட குரலுக்கு இமைகூட அசைக்காமல் கிடக்க வேண்டும். அந்த இரவின் பதற்றம் முழுவதும் அவருடைய அசையாத உடம்பில்தான் தங்கியிருந்தது. வித்தைக்காரர்களின் ‘உதவிப் பெண்’ என்று ஒரு சொல்லில் முடித்துவிடும் வேலையில் எவ்வளவு தேர்ச்சி இருக்கிறது! பெட்டிக்குள் உடம்பை மடக்குவது, மூச்சை அடக்குவது, சரியான கணத்தில் கை காலை நகர்த்துவது எல்லாம் அந்தப் பெண்களின் வேலை. கைதட்டல் கோட்டு போட்டவருக்கு. குதா பக்ஷின் பதிமூன்று வாரத்திலும் பக்கத்தில் நின்ற ஜேனட் டைலரைப் பற்றியும் எனக்குக் கிடைத்தது பெயர் மட்டுமே. இந்தப் பெண்களைப் பற்றி யாராவது ஒரு முழுப் புத்தகம் எழுதினால் முதல் பிரதியை நான் வாங்குவேன்.

குதா பக்ஷின் பிற்காலம் ஹாலிவுட்டில் கழிந்தது. மாயவித்தைக்காரர்களின் சங்கக் கூடமான மேஜிக் கேஸிலில் அவர் பிரியமான முகம். வயதான காலத்தில் கண்ணழுத்த நோய் வந்து பார்வை போய்விட்டது. வாழ்நாள் முழுக்கக் கண்ணைக் கட்டிக்கொண்டு பார்த்துக் காட்டியவருக்கு இப்படி ஆனதை, எழுதுகிறவர்கள் எல்லாரும் ஒரு தீர்ப்பு போல எழுதுகிறார்கள். எனக்கு அது பிடிக்கவில்லை. கண்ணழுத்த நோய் யாருக்கும் வரும். எங்கள் தெருவிலேயே பலருக்கு வந்திருக்கிறது, மருந்து ஊற்றிக்கொண்டு வேலைக்குப் போய்க்கொண்டுதான் இருக்கிறார்கள். 1981 பிப்ரவரி 5 அன்று லாஸ் ஏஞ்சலஸில் இறந்தார். இன்னும் பன்னிரண்டு நாளில் 76 முடிந்திருக்கும்.

ஆரம்பகாலத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் பெரும்பகுதி இன்று இல்லை. நேரலையில் போனதைச் சேமிக்க அன்று இருந்த ஒரே வழி, திரைக்கு எதிரே ஒரு படக்கேமராவை வைத்துப் படமெடுப்பது. அப்படி எடுத்த சுருள்களையும் இடம் அடைக்கிறது என்று அழித்தார்கள். நம் தூர்தர்ஷனிலும் நாடா விலை அதிகம் என்று பழைய பதிவின் மேலேயே புதியதைப் பதிந்த காலம் உண்டு. சென்னை நிலையத்தின் முதல் பத்து ஆண்டுகளில் வந்துபோன பலகுரல் கலைஞர்கள், பொம்மலாட்டக்காரர்கள், தந்திரக் காட்சி நடத்தியவர்கள், ஒயிலாட்டக் குழுக்கள் எல்லாம் என்ன ஆனார்கள்? ஒரே ஒரு ஞாயிற்றுக்கிழமை பத்து நிமிடம் வந்ததை ஊரே ஒரு மாதம் பேசியிருக்கும். அவர்களில் சிலர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். வயது எழுபது, எண்பது இருக்கும். உங்கள் தெருவில் அப்படி ஒருவர் இருந்தால், போய் உட்கார்ந்து, கைபேசியில் அவர் பேச்சைப் பதிவு செய்யுங்கள். எந்த ஆண்டு, எந்த நிகழ்ச்சி, யார் கூப்பிட்டார்கள், எவ்வளவு சம்பளம், பஸ்ஸிலா ரயிலிலா போனார்கள், மேக்கப் யார் போட்டது, விளக்கு சுட்டதா என்று எல்லாவற்றையும் கேளுங்கள். வித்தையின் ரகசியத்தை மட்டும் கேட்காதீர்கள், அது அவர் சொத்து.

என் வகுப்பில் வெப்பக் கடத்தல் பாடம் வரும்போது இப்போதெல்லாம் கார்ஷால்டன் குழியிலிருந்துதான் ஆரம்பிக்கிறேன். போன முறை கச்சால் தீவிலிருந்து வந்து விடுதியில் தங்கிப் படிக்கும் ஒரு பையன் எழுந்து கேட்டான், “மேடம், அந்த ரெண்டு இங்கிலீஷ்காரங்களுக்கு மட்டும் ஏன் சுட்டுச்சு? அவங்க காலும் அரை செகண்டுதானே பட்டிருக்கும்?” பலகையில் இரண்டு பாதம் வரைந்தேன், ஒன்று தட்டையாக, ஒன்று விரல்நுனி ஊன்றி. மீதியை அவர்களையே கணக்குப் போட்டுப் பார்க்கச் சொல்லியிருக்கிறேன்.